சி.ஜே. ஓபாசியின் படங்களை எந்த வரிசையில், எதைக் கவனித்துப் பார்ப்பது

2023 ஜனவரியில் அமெரிக்காவின் சண்டான்ஸ் திரைப்பட விழாவில் ‘மாமி வாட்டா’ திரையிடப்பட்ட பிறகுதான் நைஜீரியாவுக்கு வெளியே நிறையப் பேர் சி.ஜே. ஓபாசி என்ற நைஜீரிய இயக்குநரின் பெயரைத் தேட ஆரம்பித்தார்கள். கறுப்பு வெள்ளையில், முகத்தில் வெள்ளைக் கோலமிட்ட ஒரு பெண் நேராக நம்மைப் பார்க்கும் அந்தப் படத்தின் ஸ்டில்லை நீங்களும் எங்காவது பார்த்திருக்கலாம். பிரச்சினை என்னவென்றால், தேடி வருகிறவர்கள் பெரும்பாலும் அந்த ஒரு படத்தோடு நின்றுவிடுகிறார்கள், “அழகாக எடுத்திருக்கிறார்” என்று சொல்லிவிட்டு அடுத்த படத்துக்குப் போய்விடுகிறார்கள். அந்த அழகுக்குப் பின்னால் பைசா இல்லாமல் எடுத்த ஒரு ஸோம்பி படம் இருக்கிறது, சொந்த ஊரின் ரவுடிகளைப் பற்றிய ஒரு படம் இருக்கிறது, மூன்று நண்பர்கள் சேர்ந்து போட்டுக்கொண்ட 16 விதிகள் இருக்கின்றன. இதையெல்லாம் தாண்டி வந்து பார்த்தால் மாமி வாட்டா வேறு படமாகத் தெரியும்.

வேற்று நாட்டுப் படங்களைத் தேடிப் பார்க்கிறவர்களுக்கு இது பயன்படும். ஆனால் கையில் காசில்லாமல் முதல் படம் எடுத்தே தீருவது என்று இருக்கிறவர்கள்தான் இதை முழுசாகப் படிக்க வேண்டும். ஓபாசி இயக்குநர் மட்டுமில்லை, தன் படங்களைத் தானே எழுதுகிறவர். கையில் இருப்பதை வைத்து எழுதுவது எப்படி என்பதை அவருடைய படங்களை விடத் தெளிவாகக் காட்டும் உதாரணம் எனக்குத் தெரிந்து குறைவு.

அதனால் ஒரே ஒரு கேள்வியை வைத்துக்கொண்டு எல்லாப் படங்களையும் பாருங்கள்: இதை எழுதும்போது இவர் கையில் என்ன இருந்தது? ஆள், இடம், பணம், மொழி, இதில் எது இருந்தது, எது இல்லை, இல்லாததைக் கதைக்குள் எப்படிச் சமாளித்தார்? விருதுப் பட்டியலை வைத்துக்கொண்டு பார்த்தால் இந்த மனிதரின் பயணம் புரியாது. இந்தக் கேள்வியை வைத்துப் பார்த்தால் புரியும்.

முதலில் கொஞ்சம் பின்னணி

நாலிவுட், அதாவது நைஜீரியாவின் சினிமாத் தொழில், பற்றி ஒன்றுமே தெரியாமல் நேராக இவருடைய படங்களுக்குள் போக வேண்டாம். ஒரு மாலை நேரம் ஒதுக்கினால் போதும்.

1970களிலும் 80களின் தொடக்கத்திலும் நைஜீரியாவில் பிலிம் சுருளில் படம் எடுத்தவர்கள் இருந்தார்கள். ஓலா பலோகன், ஹ்யூபர்ட் ஒகுண்டே, ‘ஆடே லவ்’ என்று எல்லோராலும் அழைக்கப்பட்ட ஆடேயெமி அஃபோலாயன் எல்லாம் அந்தக் காலத்தவர்கள். யொரூபா நாடகக் கம்பெனிகளிலிருந்து நேராகச் சினிமாவுக்கு வந்தவர்களும் அதில் உண்டு. 80களில் பொருளாதாரம் சரிந்தது, 1986க்குப் பிறகு அந்த நாட்டு நாணயமான நைராவின் மதிப்பு மளமளவென்று இறங்கியது. வெளிநாட்டிலிருந்து பிலிம் வாங்கி, வெளிநாட்டு லேபில் கழுவி, திரும்பக் கொண்டுவரக் கட்டுப்படியாகவில்லை. ராத்திரி வெளியே போய்ப் படம் பார்க்க ஜனங்களுக்குப் பயம். தியேட்டர்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டுக் கிடங்குகளாகவும் தேவாலயங்களாகவும் மாறின.

அந்த நேரத்தில்தான் 1992இல் ‘லிவிங் இன் பாண்டேஜ்’ வந்தது. கென்னத் ந்னெபுவே தயாரித்து, கிரிஸ் ஓபி ராப்பு இயக்கி, இக்போ மொழியில், விஎச்எஸ் வீடியோவில் எடுத்த படம். தியேட்டரே தேவையில்லை, கேசட் நேராகச் சந்தைக்கு, சந்தையிலிருந்து வீட்டுக்கு. பெருநகரமான லாகோஸின் இடுமோட்டா, அலாபா, கிழக்கே ஒனிட்சா என்று மின்சாதனச் சந்தைகளில் இருந்த வியாபாரிகள்தான் தயாரிப்பாளர்கள், அவர்கள்தான் விநியோகஸ்தர்கள். யுனெஸ்கோ வெளியிட்ட கணக்குப்படி 2006இல் இந்தியா 1,091 படங்களும் நைஜீரியா 872 படங்களும் எடுத்திருந்தன, அமெரிக்கா 485. அவ்வளவு வேகமாக வளர்ந்த தொழில்.

இதில் நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டியது: லிவிங் இன் பாண்டேஜின் கதையே பணத்துக்காக மனைவியைப் பலி கொடுக்கும் ஒருவனையும், அவனை விடாமல் துரத்தும் அவளுடைய ஆவியையும் பற்றியது. நாலிவுட் பிறந்ததே பில்லி சூனியத்தோடும் பேயோடும்தான். நைஜீரியாவின் ஓவெரி நகரத்தில் பிறந்து வளர்ந்த ஓபாசி சின்ன வயதில் பிரிட்டனின் ஹேமர் கம்பெனியின் திகில் படங்களையும் ஸ்டீபன் கிங்கின் நாவல்களையும் விழுந்து விழுந்து ரசித்தவர் என்பது உண்மைதான், ஆனால் அவர் திகிலை வெளியிலிருந்து கொண்டுவந்து இறக்கினார் என்று நினைத்துவிடாதீர்கள். அது அவருடைய தெருவிலேயே இருந்தது. லிவிங் இன் பாண்டேஜ் முழுவதையும் பார்க்கப் பொறுமை இல்லையென்றால் முதல் அரை மணி நேரமாவது பாருங்கள். ஒளிப்பதிவின் தரத்தை மறந்துவிட்டு, ஆட்கள் பேசும் விதத்தையும் வீட்டு வரவேற்பறைகளையும் கவனியுங்கள்.

எங்கிருந்து தொடங்குவது

என் ஆலோசனை, மாமி வாட்டாவும் வேண்டாம், முதல் படமும் வேண்டாம். 2021இல் வந்த ‘ஜூஜூ ஸ்டோரீஸ்’ஸிலிருந்து தொடங்குங்கள். மூன்று குறுங்கதைகள் சேர்ந்த படம், மூன்றும் வேறு வேறு இயக்குநர்கள். மைக்கேல் ஓமோனுவா எடுத்தது ‘லவ் போஷன்’, அபா மகாமா எடுத்தது ‘யாம்’, ஓபாசியுடையது கடைசியில் வரும் ‘சஃபர் த விட்ச்’. சுவிட்சர்லாந்தின் லொகார்னோ திரைப்பட விழாவில் திரையிடப்பட்டு, அங்கே சுயாதீன விமர்சகர்கள் தரும் பொக்காலினோ தோரோ விருதைச் சிறந்த படத்துக்காக வாங்கியது.

ஏன் இதிலிருந்து என்றால், இது சின்னது, நம்மைப் பயமுறுத்தாமல் உள்ளே அழைத்துப் போகும். மூன்று பேரும் லாகோஸில் காற்றுவாக்கில் உலவும் கதைகளை எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். தெருவில் கிடக்கும் பணத்தை எடுத்தால் யாம் கிழங்காக மாறிவிடுவாய் என்று அங்கே பிள்ளைகளிடம் சொல்லி வளர்க்கிறார்கள், ‘யாம்’ அதை அப்படியே எடுத்துக்கொள்கிறது. ‘சஃபர் த விட்ச்’ பல்கலைக்கழகத்தில் படிக்கும் இரண்டு பெண்களைப் பற்றியது. சின்வே என்றொரு பெண், அவள் மேல் அளவுக்கு மீறி ஒட்டிக்கொள்ளும் ஜாய் என்றொரு தோழி, இடையில் ஒரு பையன். ஜாயாக நடித்திருக்கும் நெங்கி அடோக்கியின் முகத்தைப் பாருங்கள். சிரிக்கிறாளா, மிரட்டுகிறாளா என்று கடைசிவரை பிடிபடாது.

எழுதுகிறவர்கள் இதைப் பார்க்கும்போது ஒரு காகிதத்தில் இரண்டு பத்தி போடுங்கள். ஜாய் சூனியக்காரி என்பதற்குப் படம் தரும் ஆதாரங்கள் இடப்பக்கம், அவள் வெறும் தனிமையில் வாடும் பெண் என்பதற்கான ஆதாரங்கள் வலப்பக்கம். முடிவு வரும் வரைக்கும் இரண்டு பக்கமும் ஏறக்குறைய சமமாகவே ஏறிக்கொண்டு போகும். அந்தச் சமநிலையை அவர் வசனத்தில்தான் பிடித்து நிறுத்துகிறார், கேமரா வித்தையில் இல்லை. விடுதி அறை, கேன்டீன், மரத்தடி, இவ்வளவுதான் இடங்கள்.

ஓஜூஜூ: இங்கே நேரம் எடுத்துக்கொள்ளுங்கள்

அப்புறம் பின்னால் போய் 2014க்கு வாருங்கள். ‘ஓஜூஜூ’ அவருடைய முதல் முழுநீளப் படம். ஓபாசியே இதைப் பட்ஜெட் இல்லாத படம் என்றுதான் சொல்வார். மனைவியும் தயாரிப்பாளருமான ஓகே ஓபாசியும் அவரும் இன்னொரு நண்பருமாக 2012இல் தொடங்கிய ஃபியரி ஃபிலிம் என்ற சின்ன நிறுவனத்தின் படம். 2014இல் ஆஃப்ரிஃப் என்று சுருக்கமாக அழைக்கப்படும் ஆப்பிரிக்கா சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த நைஜீரியப் படத்துக்கான விருதை இது வாங்கியது.

கதை எளிது. லாகோஸில் ஒரு குடிசைப் பகுதி. குடிதண்ணீர் கெட்டுப்போய், குடித்தவர்களெல்லாம் ஸோம்பிகளாக மாறுகிறார்கள். மாறாதவர்கள் தப்பிக்க வேண்டும். அந்தப் பகுதிக்கு உள்ளே வர, வெளியே போக ஒரே ஒரு வழிதான்.

அந்த ஒரே வழியில் கொஞ்சம் நின்று யோசியுங்கள், இந்தக் கட்டுரையில் எனக்கு மிகவும் முக்கியமான இடம் இது. ஸோம்பி படம் என்றாலே நம் மனதில் வருவது ஊரெல்லாம் எரிவது, ராணுவம், ஹெலிகாப்டர், ஆயிரக்கணக்கில் கூட்டம். பணமில்லாத ஒருவர் அதை எழுதினால் எடுக்க முடியாது, எடுத்தாலும் பல்லிளிக்கும். ஓபாசி என்ன செய்தார் என்றால், கதையை ஒரு குறுகலான இடத்துக்குள் போட்டுப் பூட்டிவிட்டார். வாசல் ஒன்றுதான் என்று எழுதிய நிமிடமே பல பிரச்சினைகள் தீர்ந்துவிடுகின்றன. நகரத்தைக் காட்ட வேண்டியதில்லை. போலீஸ் ஏன் வரவில்லை என்று யாரும் கேட்கப்போவதில்லை, அப்படிப்பட்ட இடத்துக்கு அவர்கள் எப்போதுமே வந்ததில்லை. ஒரு சந்தில் நான்கு ஸோம்பி நின்றால் போதும், சந்து அடைபட்டுவிடும். சுவர்கள் நெருக்கமாக இருப்பதால் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு பின்னாலேயே ஓடுவதே பயத்தைக் கொடுக்கும். நல்ல தண்ணீர் இல்லை என்பது லாகோஸின் ஏழைகளுக்கு அன்றாடத் தலைவலி, அதையே நோய்க்குக் காரணமாக வைத்ததால் ஸோம்பி எங்கிருந்து வந்தது என்று விளக்க விஞ்ஞானி ஒருவரைக் கூப்பிட வேண்டியதும் இல்லை. சமூக விமர்சனத்தைத் தனியாக ஒரு காட்சியில் வைக்கவில்லை, கதை நகர்வதே அந்தத் தண்ணீரால்தான்.

பார்க்கும்போது ஒரு வேலை செய்யுங்கள். முதல் இருபது நிமிடத்திலேயே அந்த இடத்தின் வரைபடத்தைத் தாளில் போட ஆரம்பியுங்கள்: எந்த வீடு எங்கே, சந்து எங்கே திரும்புகிறது, நுழைவாயில் எந்தப் பக்கம். படம் முன்னேற முன்னேற வரைபடத்தைத் திருத்துங்கள். எங்கே உங்களுக்குக் குழப்பம் வருகிறதோ அங்கே திகில் குறைவதையும், எங்கே ‘ஐயோ அந்தப் பக்கம் போகாதே’ என்று நீங்களே சொல்கிறீர்களோ அங்கே திகில் கூடுவதையும் கண்ணால் பார்ப்பீர்கள். இதே வேலையை உங்கள் சொந்தக் கதைக்கும் செய்யலாம். உங்கள் தெருவுக்கு, நீங்கள் வேலை செய்யும் குடோனுக்கு, பாட்டி வீட்டுக்கு எத்தனை வாசல் என்று எண்ணிப் பார்த்து, அதில் ஒன்றை விட்டு மற்றதையெல்லாம் கதையில் அடைத்துவிட்டு எழுதிப் பாருங்கள்.

குறைகள் இல்லையா என்றால் இருக்கின்றன. ஒலி சில இடங்களில் தடுமாறும், நடுவில் பேச்சு நீளும். ஆனால் நடிப்பு தாங்கிப் பிடிக்கிறது. நாயகன் பெயர் ரொமெரோ. ஸோம்பி படங்களுக்கு வழி போட்ட அமெரிக்க இயக்குநர் ஜார்ஜ் ரொமெரோவுக்கு வணக்கம் வைக்கும் பெயர் அது. ஃபெலா என்ற பாத்திரமும் உண்டு, அது நைஜீரியாவின் புகழ்பெற்ற பாடகர் ஃபெலா குட்டிக்கான வணக்கமா என்று நைஜீரியர்களிடம் கேட்கவே வேண்டாம். ரொமெரோவாக நடித்திருப்பவர் கேப்ரியல் அஃபோலாயன். மேலே சொன்ன ஆடே லவ்வின் மகன். 70களில் பிலிமில் படம் எடுத்தவரின் பையன், காசே இல்லாத டிஜிட்டல் ஸோம்பி படத்தில் நாயகனாக ஓடுகிறார். பின்னணியைப் படித்துவிட்டு வந்தால் இந்த மாதிரி இணைப்புகளெல்லாம் கண்ணில் படும், படத்தின் மேல் பிரியம் கூடும்.

ஓ-டவுன், சர்ரியல் 16, ஹலோ ரெய்ன்

2015இல் வந்த ‘ஓ-டவுன்’ ஓவெரியைப் பற்றிய ரவுடிப் படம், அந்த ஊரின் செல்லப்பெயர்தான் தலைப்பு. கிடைத்தால் பாருங்கள், கிடைக்காவிட்டால் வருத்தப்பட வேண்டாம். தன் ஊரின் பேச்சு அவருக்கு எவ்வளவு கைவருகிறது என்பதற்காகத்தான் நான் சொல்வேன்.

இதற்கு அடுத்து நடந்ததுதான் திருப்பம். அந்தக் காலகட்டத்தில் நைஜீரியாவில் புதிய மால் தியேட்டர்கள் வந்துவிட்டன, 2016இன் ‘த வெட்டிங் பார்ட்டி’ வசூலில் பெரிய சாதனை செய்ததும் பணக்காரக் கல்யாணம், பளபளக்கும் லாகோஸ் தீவு, நகைச்சுவை என்று அதே அச்சில் படங்கள் வரிசைகட்டின. அது தப்பென்று சொல்ல மாட்டேன், ஜனங்கள் விரும்பிப் பார்த்தார்கள், நடிகர்களுக்கும் டெக்னீஷியன்களுக்கும் வேலை கிடைத்தது. ஆனால் ஓபாசி, மகாமா, ஓமோனுவா மூவருக்கும் அதில் இடமில்லை. மூவரும் சேர்ந்து ‘சர்ரியல் 16’ என்ற குழுவைத் தொடங்கி, டென்மார்க்கின் டாக்மே 95 இயக்கத்தைப் போலத் தங்களுக்கென்று 16 விதிகளை எழுதிக்கொண்டார்கள். எதையெல்லாம் செய்ய மாட்டோம் என்று தங்களுக்குத் தாங்களே போட்ட வேலி. 2017இல் ‘விஷன்ஸ்’ என்று மூன்று குறும்படங்களைச் சேர்த்து வெளியிட்டார்கள். நீங்கள் முதலில் பார்த்த ஜூஜூ ஸ்டோரீஸ் அதே குழுவின் அடுத்த கட்டம்.

இங்கே படம் எடுக்க நினைப்பவர்களுக்கு ஒரு வேலை. உங்களோடு ஒத்துப்போகும் இரண்டு பேரைப் பிடியுங்கள், உங்கள் மொழிப் படங்களில் பார்த்துப் பார்த்துச் சலித்துப்போன விஷயங்களை எழுதுங்கள், “இதை நாங்கள் செய்ய மாட்டோம்” என்று கையெழுத்துப் போடுங்கள். பொதுவாக ‘நல்ல படம் எடுப்போம்’ என்று எழுதினால் அது விதியே இல்லை. எடுக்கப் போகும் ஷாட்டைத் தடுக்கிற மாதிரி இருக்க வேண்டும், அப்போதுதான் வேறு வழி யோசிப்பீர்கள். ஒவ்வொருவரும் அதே விதிகளுக்குள் ஒரு குறும்படம் எடுத்து மூன்றையும் ஒன்றாகப் போட்டுக் காட்டினால், தனித்தனியாக யாரும் கண்டுகொள்ளாத மூன்று குறும்படங்கள் ஒரே நிகழ்ச்சியாகிவிடும். ஓபாசியின் குழு ஐரோப்பிய விழாக்கள் வரை போனதற்கு இந்தக் கூட்டு ஏற்பாடு ஒரு முக்கியக் காரணம் என்று நான் நினைக்கிறேன்.

2018இன் ‘ஹலோ, ரெய்ன்’ அரை மணி நேரக் குறும்படம். நைஜீரிய அமெரிக்க எழுத்தாளர் ந்னெடி ஒகோராஃபோரின் ‘ஹலோ, மோட்டோ’ என்ற சிறுகதையிலிருந்து எடுத்தது, ஜெர்மனியின் ஓபர்ஹவுசன் குறும்பட விழாவில் முதலில் திரையிடப்பட்டது. விஞ்ஞானமும் மாந்திரீகமும் கலந்து விக் செய்யும் ஒரு பெண், அதைத் தலையில் வைத்தால் சக்தி வரும், தோழிகள் அந்தச் சக்திக்கு அடிமையாகிவிடுகிறார்கள். கண்ணைப் பறிக்கும் வண்ணங்கள். ஓஜூஜூவுக்கும் மாமி வாட்டாவுக்கும் நடுவில் இதைப் பார்ப்பது அவசியம், ஏனென்றால் ஒப்பனை, ஆடை, தலைமுடி மூன்றையும் வைத்தே ஒரு தனி உலகத்தைக் கட்டலாம் என்பதை அவர் இங்கேதான் செய்து பார்க்கிறார். செட் போடக் காசில்லாதபோது நடிகரின் உடம்பே செட். வசதி இருந்தால் மூலக் கதையையும் படியுங்கள், எதை வெட்டினார் என்று ஒப்பிடுங்கள். தழுவி எழுதுவதைக் கற்றுக்கொள்ள இதைவிட மலிவான பள்ளிக்கூடம் கிடையாது.

மாமி வாட்டா

சரி, இப்போது மாமி வாட்டா. தயவுசெய்து போனில் பார்க்காதீர்கள். நைஜீரியாவின் அண்டை நாடான பெனினில் உள்ள கடலோரக் கிராமங்களில், பாதிக்கு மேல் இரவில் நடக்கும் காட்சிகளாக, கறுப்பு வெள்ளையில் எடுத்த படம் இது. கறுப்புத் தோலின் மேல் வெள்ளைப் புள்ளியும் கோடும், முடியில் சோழிகள், பின்னால் கறுப்புக் கடல், அதில் நுரை மட்டும் வெள்ளையாக. டிவியில் பார்ப்பதென்றால் படத்தை வழுவழுப்பாக்கும் மோஷன் அமைப்பை அணையுங்கள், ‘விவிட்’ என்று இருப்பதை ‘சினிமா’ அல்லது ‘மூவி’க்கு மாற்றுங்கள், அறை விளக்கை அணையுங்கள். பகல் வெளிச்சத்தில் பார்த்தால் இருட்டில் இருக்கும் முகங்கள் கரைந்துபோய்விடும், படத்தில் பாதியே உங்களுக்குக் கிடைக்காது. இந்த ஒளிப்பதிவைச் செய்தவர் பிரேசிலைச் சேர்ந்த லீலிஸ் சுவாரெஸ். சண்டான்ஸில் சிறப்பு நடுவர் விருது இந்த ஒளிப்பதிவுக்குத்தான் கிடைத்தது. அதே ஆண்டு புர்கினா ஃபாசோவின் ஃபெஸ்பாக்கோ விழாவில் விமர்சகர் விருது, ஒளிப்பதிவு, கலை இயக்கம் என்று மூன்று விருதுகள், அப்புறம் நைஜீரியாவின் ஆஸ்கர் பரிந்துரையும் இதுதான்.

கதைக்குப் போகும் முன் மாமி வாட்டா யார் என்று தெரிந்துகொள்ளுங்கள். மேற்கு, மத்திய ஆப்பிரிக்கா முழுக்கவும், அங்கிருந்து அடிமைகளாகக் கொண்டுசெல்லப்பட்டவர்களின் வழியில் அமெரிக்கக் கண்டங்களிலும் வணங்கப்படும் நீர்த்தெய்வம். இதில் நம் பக்கத்துக்கும் ஒரு தொடர்பு உண்டு. 1880களில் ஜெர்மனியின் ஹாம்பர்கில் அச்சிட்ட பாம்பாட்டிப் பெண்ணின் வண்ணப்படம் ஒன்று ஆப்பிரிக்காவுக்குப் போய் மாமி வாட்டாவின் உருவமாகவே நிலைத்துவிட்டது, 1955இல் அதைப் பம்பாயின் ஒரு காலண்டர் கம்பெனி மறு அச்சுப் போட்டுக் கானாவின் குமாசி நகரத்துக்கு அனுப்பியது, அப்புறம் நம் சாமி காலண்டர் படங்களும் அங்கே மாமி வாட்டா பீடங்களில் ஏறின. கலை வரலாற்றாளர் ஹென்றி ட்ரூவல் இதை விரிவாக ஆராய்ந்து எழுதியிருக்கிறார். அந்தப் பாம்பாட்டிப் பெண்ணின் படத்தை ஒருமுறை பார்த்து வைத்துக்கொண்டு, அதிலிருந்து ஓபாசி எதை எடுத்தார், எதை ஒதுக்கினார் என்று தேடிக்கொண்டே பாருங்கள்.

கதை இயி என்ற கற்பனைக் கிராமத்தில் நடக்கிறது. தெய்வத்துக்கும் ஊருக்கும் நடுவில் நிற்பவள் மாமா எஃபே. ஊரார் அவளுக்குக் காணிக்கை கொண்டுவந்து கொடுக்கிறார்கள், நோய் வந்தால் அவளிடம்தான் போக வேண்டும். ஒரு சிறுவன் இறந்துபோகிறான், அவளால் காப்பாற்ற முடியவில்லை. பக்கத்து ஊர்களில் ஆஸ்பத்திரி இருக்கிறது, பள்ளிக்கூடம் இருக்கிறது, கரண்ட் இருக்கிறது, நமக்கு மட்டும் ஏன் இல்லை என்று ஜாபி என்பவன் கேட்க ஆரம்பிக்கிறான். மாமா எஃபேவின் மகள் ஜின்வேவுக்கே நம்பிக்கை ஆட்டம் கண்டுவிடுகிறது. வளர்ப்பு மகள் பிரிஸ்கா தாங்கிப் பிடிக்கப் பார்க்கிறாள். அந்த நேரம் பார்த்து ஜாஸ்பர் என்ற ஒருவன் கடலிலிருந்து கரை ஒதுங்குகிறான். அதற்கு மேல் சொல்ல மாட்டேன்.

எழுத்தில் கவனிக்க வேண்டியது, ஜாபியின் கேள்விகள் நியாயமானவை. தடுப்பூசியும் பள்ளிக்கூடமும் கேட்பவனை எப்படி வில்லன் என்பது? மாமா எஃபேவும் ஏமாற்றுக்காரி இல்லை. இரண்டு பக்கமும் நியாயம் இருக்கும்போது துப்பாக்கி உள்ளே வந்தால் என்ன ஆகும் என்பதைத்தான் படம் கேட்கிறது. சஃபர் த விட்ச்சில் நீங்கள் போட்ட இரண்டு பத்திகளை இங்கேயும் போட்டுப் பாருங்கள், ஒரு பெண்ணை வைத்துச் செய்ததை இங்கே ஒரு ஊரையே வைத்துச் செய்திருக்கிறார். ஓஜூஜூவின் ஒற்றை வாசல் இங்கே கடலாகியிருக்கிறது. தெய்வம் வருவதும் அந்த வழிதான், ஜாஸ்பர் வருவதும் அந்த வழிதான்.

நடிகர் தேர்வும் எழுத்தின் ஒரு பகுதிதான். மாமா எஃபேவாக வரும் ரீட்டா எடோச்சி கேசட் காலத்திலிருந்து நாலிவுட்டில் நடித்து வருகிறவர், நைஜீரியாவில் வீட்டுக்கு வீடு தெரிந்த முகம். பழைய நாலிவுட்டின் முகத்தை ஆட்டம் காணும் பூசாரியாக உட்கார வைத்து, எதிரில் புதிய தலைமுறை நடிகர்களை நிறுத்தியிருப்பதை நைஜீரிய ரசிகர் ஒருவர் உடனே உணர்வார், நமக்குப் பின்னணி தெரிந்தால்தான் தெரியும். ஜாபியாக வருபவர் கெலெச்சி உடெக்பே, ஓஜூஜூவிலும் பார்த்தோமே, அவரேதான். பிரிஸ்காவாக நடித்திருக்கும் எவ்லின் இலி ஜுஹென் ஐவரி கோஸ்ட்டைச் சேர்ந்தவர்.

மொழி மேற்கு ஆப்பிரிக்கப் பிட்ஜின், அதாவது ஆங்கிலத்திலிருந்து கிளைத்த கலப்பு மொழி, கூடவே பெனினில் பேசும் ஃபோன் மொழியும் கொஞ்சம். முதல் தடவை சப்டைட்டிலோடு பாருங்கள். இரண்டாவது தடவை உங்களுக்குப் பிடித்த ஒரு பத்து நிமிடத்தை மட்டும் சப்டைட்டில் இல்லாமல் போடுங்கள், ஆங்கிலம் ஓரளவு தெரிந்தவர்களுக்குக் காது பழகிவிடும். வஹாலா என்றால் தொல்லை, பிக்கின் என்றால் குழந்தை, சாபி என்றால் தெரியும், அபெக் என்றால் கெஞ்சிக் கேட்பது. இந்த நான்கோடு போனாலே நிறையப் பிடிபடும். பிட்ஜினை நகைச்சுவைக்கும் வேலைக்காரர் வசனத்துக்கும் மட்டும் வைத்துக்கொண்டிருந்த படங்கள் நிறைய உண்டு. இங்கே பூசாரி தெய்வத்தைக் கூப்பிடுவதும் அதே பிட்ஜினில், எவ்வளவு கம்பீரமாக இருக்கிறது என்று கேளுங்கள். டுண்டே ஜெகெடேயின் இசையோடு சேர்த்துக் கேட்க ஹெட்போன் நல்லது.

படங்களை எங்கே பிடிப்பது, தகவலை எப்படிச் சரிபார்ப்பது

எந்தத் தளத்தில் எது இருக்கிறது என்பது நாட்டுக்கு நாடு, மாதத்துக்கு மாதம் மாறும். அதனால் படத்தின் பெயரோடு ஆண்டையும் சேர்த்துத் தேடுங்கள், ‘மாமி வாட்டா’ என்று மட்டும் போட்டால் அதே பெயரில் பழைய நாலிவுட் வீடியோக்களும் பாட்டுகளும் வந்து குவியும். அமெரிக்காவில் இந்தப் படத்தை 2023 செப்டம்பரில் வெளியிட்டது டெகனலாக் என்ற சின்ன விநியோக நிறுவனம். உங்கள் ஊரில் திரைப்படக் கழகம் நடத்துகிறீர்கள் என்றால், தயாரிப்பு நிறுவனத்துக்கோ விநியோகஸ்தருக்கோ எழுதித் திரையிடல் அனுமதி கேளுங்கள். எத்தனை பேர் பார்ப்பார்கள், டிக்கெட் உண்டா இல்லையா, எந்தத் தேதி என்று தெளிவாக எழுதினால் பதில் வர வாய்ப்பு அதிகம். திருட்டுப் பிரதி எளிதாகக் கிடைக்கும், ஆனால் கேசட் காலத்திலிருந்து நாலிவுட்டின் ரத்தத்தை உறிஞ்சியது அந்தத் திருட்டுப் பிரதிதான், மாமி வாட்டா மாதிரி படம் எடுக்கிறவருக்கு ஒவ்வொரு நியாயமான டிக்கெட்டும் அடுத்த படத்துக்கான காசு.

விருது விவரங்களை அந்தந்த விழாவின் பட்டியலிலேயே பாருங்கள். பரிந்துரைக்கும் விருதுக்கும் வித்தியாசம் தெரியாமல் எழுதும் பக்கங்கள் ஏராளம். மாமி வாட்டா 2024 இண்டிபெண்டன்ட் ஸ்பிரிட் விருதுகளில் சிறந்த சர்வதேசப் படப் பிரிவில் பரிந்துரைக்கப்பட்டது, வாங்கவில்லை. ஆஸ்கருக்கு நைஜீரியா அனுப்பியது, இறுதிப் பட்டியலில் வரவில்லை. ஓபாசியின் பேட்டிகளைப் படிக்கும்போது தேதியைப் பாருங்கள், ஓஜூஜூ சமயத்துப் பேட்டியையும் மாமி வாட்டா சமயத்துப் பேட்டியையும் அடுத்தடுத்துப் படித்தால் பணத்தைப் பற்றிப் பேசும் விதம் எப்படி மாறியிருக்கிறது என்று தெரியும்.

எல்லாம் முடித்துவிட்டு இன்னும் வேண்டும் என்றால், ஓபாசியை விட்டுவிட்டு அவருடைய கூட்டாளிகளிடம் போங்கள். அபா மகாமாவின் ‘கிரீன் ஒயிட் கிரீன்’ (2016) ஒரு படம் எடுக்கக் கிளம்பும் பையன்களைப் பற்றிய கலகலப்பான படம், அவருடைய ‘த லாஸ்ட் ஒகோரோஷி’ (2019) டொராண்டோ விழாவில் திரையிடப்பட்டது, ஒரு செக்யூரிட்டி ஆள் காலையில் எழுந்து பார்த்தால் முகமூடித் தெய்வமாக மாறியிருப்பான். அதற்கும் அப்புறம், இந்த மூவர் குழு 2021இல் லாகோஸில் தொடங்கிய எஸ்16 விழாவின் குறும்படப் பட்டியலை ஆண்டுவாரியாக எடுத்துக்கொண்டு, பெயர் தெரியாத இயக்குநர்களை ஒவ்வொருவராகத் தேடுங்கள். அதில் நிறையப் பேருக்கு அது முதல் படம்.